கழற்ற முடியாத அட்டை

காலையில் உடை மாற்றும் அறைக்குள் நுழைந்தவன், தன் சட்டை தொங்கும் கொக்கியில் வேறு யாருடைய சட்டையோ தொங்குவதைப் பார்த்தான். மேலே பெயர் ஒட்டியிருந்த பட்டையையும் உரித்திருந்தார்கள். உள்ளே இருந்த ஆட்டக்காரர்கள் அத்தனை பேருக்கும் அந்த நேரம் பார்த்துப் பூட்ஸ் கயிற்றில் சிக்கல் விழுந்துவிட்டது. ஒருவரும் தலை நிமிரவில்லை.

கோச் வாசலில் நின்றபடி, "கொஞ்சம் வெளிய வா" என்றார்.

நடைபாதையில் வைத்துச் சொன்னார். "இனிமே நீ டீமோட பயிற்சி பண்ண வேண்டாம். மேல இருந்து சொல்லிட்டாங்க. உனக்குத் தனிப் பயிற்சி."

"யார் சொல்லித் தர்றாங்க?"

"யாரும் இல்ல. அதான் தனிப் பயிற்சி."

"எங்க?"

"பின்னாடி முற்றம் இருக்குல்ல, லாண்டரிப் பக்கம். அங்க." கோச் அவன் கண்ணைப் பார்க்காமல் கழுத்தில் கிடந்த விசிலைத் திருகிக்கொண்டிருந்தார். கெட்ட மனுஷர் இல்லை. தன் வேலை போய்விடுமே என்ற பயத்திலேயே பாதி முடி கொட்டிப்போனவர்.

காரணம் அவனுக்குத் தெரியும். அந்த நாட்டு விதிப்படி ஒரு கால்பந்து கிளப்பில் இத்தனை வெளிநாட்டுக்காரர்கள்தான் இருக்கலாம். டைல்ஸ் வியாபாரம் செய்கிற கிளப் தலைவருக்குப் புதிதாக, கோல் போடுகிற ஒரு ஸ்ட்ரைக்கர் மேல் ஆசை வந்துவிட்டது. அவனைக் கொண்டுவர வேண்டுமென்றால் இருக்கிறவர்களில் ஒருத்தன் கிளம்ப வேண்டும். ஒப்பந்தம் சீசன் முடிகிற வரைக்கும் இருந்தது. கழுத்தைப் பிடித்து வெளியே தள்ள முடியாது. ஆகவே, அவனாகவே வெறுத்துப்போய் மூட்டையைக் கட்டும்படி செய்ய வேண்டும். இந்தத் தொழிலில் இதெல்லாம் சாதாரணம். பத்துப் பேருக்கு இப்படிச் செய்தால் ஒன்பது பேர் ஒரே வாரத்தில் கிளம்பிவிடுவார்கள்.

இவன் பத்தாவது ஆள் என்பது தலைவருக்குத் தெரியவில்லை.

அவனுக்கு அப்போது வயது முப்பத்து மூன்று. அதில் பாதி வயதில் வந்த பட்டப்பெயர் அட்டை. முதன்முதலில் ஆடிய தொழிற்சாலை டீமின் கோச் வைத்த பெயர் அது. திட்டுவதற்காகத்தான் வைத்தார். "கோல் போடத் தெரியாது, ஓங்கி உதைக்கத் தெரியாது, எதிராளி மேல ஒட்டிக்க மட்டும் தெரியுது. அட்டை!" என்றார். இவன் யோசித்துப் பார்த்தான். ஒட்டிக்கொள்வதுதான் தனக்கு வரும் என்றால் அதையே ஒழுங்காகச் செய்துவிடலாமே என்று தோன்றியது. அன்றைக்கிருந்து நடுக்களத்தில் அவன் செய்தது அந்த ஒரே வேலைதான். எதிர் டீமில் யார் நன்றாக ஆடுகிறானோ அவன் கூடவே நிற்பது, நடப்பது, ஓடுவது, அவனுக்கு வரும் பந்து வராமல் பார்த்துக்கொள்வது. ஒரு தடவை ஒருத்தன் வெறுத்துப்போய் நடுவரிடம் ஓடி, "சார், இவன் எங்கூட பாத்ரூமுக்கும் வருவான் போல" என்று புகார் செய்தான்.

கிரேன் ஓட்டிக்கொண்டிருந்த அப்பாவுக்கு மட்டும் கடைசிவரை இது விளங்கவில்லை. "கோலும் போட மாட்டேங்குற, கோலைப் பிடிக்கவும் மாட்டேங்குற. நடுவுல உனக்கு என்னடா வேலை?" என்பார். "நடுவுலதாம்ப்பா வேலையே" என்பான் இவன்.

அந்த வேலையோடு நாலு நாடுகளுக்குப் போய்விட்டான். முதல் நாட்டில் மைதானம் உறைந்து கல்லாகக் கிடக்கும். விழுந்தால் முழங்கால் தோல் அங்கேயே தங்கிவிடும். இரண்டாவதில் நேர் எதிர். விடிவதற்கு முன் பயிற்சியை முடித்துவிட வேண்டும், இல்லாவிட்டால் பூட்ஸின் அடிப்பாகம் உள்ளங்காலைச் சுட்டுவிடும். அங்கே முதலாளி கோச்சுகளைச் சட்டை மாற்றுவதுபோல் மாற்றிக்கொண்டிருந்தார். மூன்றாவது ஒரு துறைமுக ஊர். ஒருநாள் பையைத் தோளில் போட்டுக்கொண்டு பயிற்சிக்குப் போனால் கேட்டில் சங்கிலி தொங்கியது. காவலாளி ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி, "கிளப்பா? அது இப்ப இல்லப்பா" என்றார், ஏதோ டீ தீர்ந்துபோனது மாதிரி.

இந்த நாடுகள் எல்லாவற்றுக்கும் அவனோடு அவன் மனைவியும் போனாள். அவள் படித்தது செயற்கைப் பல் செய்யும் தொழில். மெழுகில் பல்லைச் செதுக்கி, சாந்தில் அச்செடுத்து, நிறம் பார்த்துத் தீட்டி, வைத்துக்கொள்கிறவர் சிரித்தால் சொந்தப் பல்லா வாங்கிய பல்லா என்று பக்கத்தில் இருப்பவருக்கே தெரியாதபடி செய்கிற நுணுக்கமான வேலை. ஆனால் அவள் சான்றிதழை ஒரு நாடும் மதிக்கவில்லை. முதல் நாட்டில் ஓட்டலில் தட்டு கழுவினாள். இரண்டாவதில் கைக்குழந்தையோடு ஏழாவது மாடியில் ஜன்னலைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள். மூன்றாவதில் ஒருவழியாக ஒரு வேலை கிடைத்தது. அதே மாதம் கிளப் கேட்டில் சங்கிலி ஏறியது. நாலாவது நாட்டுக்கு வந்ததும் மொழியைப் படித்து, அந்த மொழியிலேயே பரீட்சை எழுதி, ஒரு தடவை தோற்று, மறு தடவை தேறினாள். இப்போது ஒரு லேபில் அவளுக்கென்று ஒரு மேசை, ஒரு விளக்கு, உயரம் கூட்டிக் குறைக்கிற ஒரு நாற்காலி. முன்பற்கள் வந்தால் லேப் முதலாளி அவள் மேசையில்தான் கொண்டுவந்து வைப்பார். மகள் பள்ளிக்கூடத்தில் அந்த மொழியில் சண்டை போடும் அளவுக்குத் தேறிவிட்டாள்.

அன்று சாயங்காலம் அத்தானிடமிருந்து போன் வந்தது. அத்தான் என்றால் அக்காவின் கணவர். அவனுக்கு ஏஜெண்டும் அவர்தான்.

"மாப்ள, விஷயம் காதுக்கு வந்துச்சு. கவலையே படாத. அருமையான இடம் ஒண்ணு பார்த்து வெச்சிருக்கேன். கடலோரம். வெள்ளிக்கிழமை ஃப்ளைட்."

"அத்தான், போன தடவையும் கடலோரம்னுதான் சொன்னீங்க."

"கடல் இருந்துச்சா இல்லையா?"

"கடல் இருந்துச்சு. கிளப்தான் இல்ல."

"பழசக் கிளறாத மாப்ள. யோசிச்சு நாளைக்குச் சொல்லு."

போனை வைத்துவிட்டு வழக்கம்போல அவன் கை அலமாரிக்கு மேலே பெட்டியைத் தேடிப் போனது. பழகின கை. அங்கே பெட்டி இல்லை.

"பெட்டி எங்க?"

மனைவி மகளின் சீருடைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தாள். "மாடி வீட்டுக்காரங்க ஊருக்குப் போறாங்கன்னு கொடுத்துட்டேன்."

"எப்ப திருப்பித் தருவாங்க?"

"திருப்பித் தர வேணாம்னு சொல்லிட்டேன்."

அந்த வீட்டில் ஒரு விஷயம் உண்டு. அவள் 'நீங்க' என்று பேசினால் வானம் தெளிவாக இருக்கிறது என்று அர்த்தம். 'நீ' வந்துவிட்டால் குடையை எடுத்துக்கொள்ள வேண்டும். அவள் நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டுச் சொன்னாள்.

"நீ போறதுன்னா போ. நானும் இவளும் வரல. இங்க எனக்குன்னு ஒரு நாற்காலி இருக்கு. அத விட்டுட்டு இன்னொரு ஊர்ல போயி ஜன்னலப் பார்த்துட்டு உட்கார மாட்டேன்."

அவனுக்குக் கோபம் வந்தது, ஆனால் அவள் மேல் இல்லை. தனக்காக இவள் விட்டுக்கொடுத்த வேலைகளைப் பற்றி இத்தனை வருஷத்தில் தான் ஒருநாளும் உட்கார்ந்து யோசித்ததில்லையே என்பது அப்போதுதான் உறைத்தது. ஒரு டைல்ஸ் வியாபாரி ஸ்ட்ரைக்கர் வாங்க ஆசைப்பட்டதற்காக இவள் எதற்குத் தன் நாற்காலியை விட்டு எழுந்திருக்க வேண்டும்?

"நான் எங்கயும் போகல" என்றான்.

"நிஜமாவா?"

"அவங்களா ஒப்பந்தத்த முடிச்சு அனுப்பட்டும். நானா ஒரு அடி நகர மாட்டேன்."

"சரி" என்றாள் அவள். "சாப்பிட வாங்க."

மறுநாள் குறித்த நேரத்துக்கு முன்பே முற்றத்துக்குப் போய்விட்டான். மூன்று பக்கம் சுவர், தரை சிமெண்ட், ஓரத்தில் அழுக்குத் துணி வண்டிகள். ஒரு பந்தைக் கேட்டு வாங்கிக்கொண்டான்; பந்து கொடுக்க மாட்டோம் என்று சொல்ல ஒப்பந்தத்தில் இடமில்லை. வலது கால், இடது கால், மறுபடி வலது கால் என்று லாண்டரிச் சுவரில் பந்தை அடித்து வாங்க ஆரம்பித்தான்.

லாண்டரிக்கார அம்மா ரப்பர் பூட்ஸோடு வெளியே வந்தாள். "யப்பா, நீ அடிக்கிற அடியில என் மெஷினே நடந்து வருது!"

"மன்னிச்சுக்கோங்கம்மா. எனக்கு இந்தச் சுவரத்தான் கொடுத்திருக்காங்க."

அவள் அவனை மேலும் கீழும் பார்த்தாள். அவன் கதை அதற்குள் கிளப் முழுக்கப் பரவியிருந்தது. சட்டை மாறின கொக்கியைத் துணி துவைக்கிறவளைவிட யார் முதலில் பார்த்திருக்கப் போகிறார்கள்? ஈரக் கையை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு எதிர்ச் சுவரைக் காட்டினாள். "இது வேணாம், ராசா. அதோ அந்தச் சுவர்ல அடி."

"அதுக்குப் பின்னாடி என்ன இருக்கு?"

"எனக்கென்ன தெரியும்? தலைவரோட ரூம்னு சொல்லுவாங்க" என்றபடி உள்ளே போய்விட்டாள்.

அவன் இடம் மாறினான்.

அந்தச் சுவரின் மறுபக்கத்தில் தலைவர் ஒரு அலமாரி வைத்திருந்தார். கிளப் என்றைக்கோ ஜெயித்த கோப்பைகள் எல்லாம் அதில் வரிசையாக நின்றன. வெளியே ஒவ்வொரு பந்து விழும்போதும் உள்ளே கோப்பைகள் ஒரு சின்ன எட்டு எடுத்து வைத்தன. காலையெல்லாம் டப், டப் என்று ஒரே தாளம். போன் பேசினால் டப். காபி குடித்தால் டப். வந்தவர்களிடம் கிளப்பின் பெருமையைப் பேசினால் அதற்கும் ஒரு டப். ஒரு வாரம் பொறுத்தார். இரண்டாவது வாரம், புது ஸ்ட்ரைக்கரின் ஏஜெண்ட் எதிரே உட்கார்ந்திருக்கும்போது இருப்பதிலேயே பெரிய கோப்பை அலமாரி விளிம்பைத் தாண்டி அந்த ஆளின் மடியில் போய் இறங்கியது.

தலைவர் முற்றத்துக்கு இறங்கி வந்தார். "என்ன பண்ற நீ?"

"பயிற்சி, சார்."

"சுவர்ல பந்து அடிக்கக் கூடாது!"

"சரி சார். அப்ப எனக்குப் பந்தத் திருப்பி அடிக்க ஒரு ஆள் கொடுங்க. சுவர் வேணாம்."

"உன்னப் போகச் சொல்லித்தான் இவ்வளவும் பண்றோம். உனக்குப் புரியுதா இல்லையா?"

"நல்லாப் புரியுது, சார். எனக்குப் போக விருப்பம் இல்ல. அது உங்களுக்குப் புரியுதா?"

தலைவரின் முகம் அவர் விற்கிற சிவப்பு டைல்ஸ் மாதிரி ஆனது. முப்பது வருஷமாக அவரிடம் யாரும் இப்படிப் பேசியதில்லை. "உனக்கு வெட்கமே இல்லையா? வேண்டாம்னு சொல்ற இடத்துல இப்படி ஒட்டிக்கிட்டு நிக்கிறியே?"

"என் தொழிலே அதுதான், சார்."

லாண்டரிக்குள் ஏதோ பாத்திரம் விழுகிற சத்தம் கேட்டது. அந்த அம்மா சிரிப்பை அடக்கப் பார்த்து, வாளியைக் காலால் தட்டிவிட்டிருந்தாள்.

ஆட்டக்காரர்களை மாற்றுவதற்கான கெடு அந்த மாதக் கடைசியில் முடிந்தது. ஸ்ட்ரைக்கர் வேறு கிளப்புக்குப் போய்விட்டான். இனி அட்டையை முற்றத்தில் வைத்திருப்பதால் யாருக்கும் காலணா பிரயோஜனமில்லை. ஆனாலும் தலைவருக்கு வீம்பு. உடனே மன்னித்துவிட்டால் மரியாதை போய்விடும் என்று நினைத்தார். "ரிசர்வ் டீமோட ஆடட்டும்" என்று உத்தரவு போட்டார். மீசை முளைக்காத பையன்களோடு ஆடச் சொன்னால் கூனிக் குறுகிப் போய்விடுவான் என்பது அவர் கணக்கு.

அட்டைக்கோ புல்லில் கால் வைத்ததே போதுமாக இருந்தது. பக்கத்து மைதானத்தில், நாய் நடக்கக் கூட்டிவந்தவர்கள் வேலியோரம் நின்று பார்க்கிற ஆட்டங்களில், ஒன்றுவிடாமல் ஆடினான். எதிர் டீமின் நல்ல பையனைத் தேடிப் பிடித்து ஒட்டிக்கொண்டான். ஒருத்தன் இடைவேளையில் அழுதேவிட்டான்.

அத்தான் அவ்வப்போது போன் செய்துகொண்டிருந்தார். "மாப்ள, இங்க எல்லாரும் உன்னப் பத்திச் சிரிக்கிறாங்க. ரிசர்வ்ல ஆடுறியாமே?"

"ஆமா, அத்தான். ஆடுறேன். கடலோரத்துல இருந்தா ஆடியிருப்பேனா?"

அத்தான் போனை வைத்துவிட்டார்.

வசந்தம் வந்தபோது மேல் டீம் தோற்றுத் தோற்று அடிமட்டத்துக்கு வந்திருந்தது. பாதி முடி போன கோச்சுக்கு மீதி முடியோடு வேலையும் போனது. புதிதாக வந்தவர் முதல் வேலையாக ரிசர்வ் ஆட்டத்தைப் பார்க்க வந்து, வேலியோரம் நாய்க்காரர்களோடு நின்றார். ஆட்டம் முடிந்ததும் அவனைக் கூப்பிட்டார்.

"நடுக்களத்துல எனக்கு ரெண்டு பேருக்குக் கால் போச்சு. சனிக்கிழமை ஆடுவியா?"

"தலைவர் ஒத்துக்குவாரா?"

"டீம் கீழ் டிவிஷனுக்கு இறங்கிட்டா அவருக்குத் தலைவர் நாற்காலியே இருக்காது. ஒத்துக்கிட்டுத்தான் ஆகணும்."

"ஆடுறேன். ஆனா இந்த ரிசர்வ் ரூம்லதான் டிரஸ் மாத்திக்குவேன். அங்க எனக்குக் கொக்கி இல்ல."

கோச் வாய்விட்டுச் சிரித்தார்.

சனிக்கிழமை எதிரே வந்த டீமில் ஒருத்தன் இருந்தான். பத்திரிகைக்காரர்கள் அவனைத் தங்கக்கால் என்று எழுதுவார்கள். இருபத்திரண்டு வயது, பந்து அவன் காலில் பூனைக்குட்டி மாதிரி உரசிக்கொண்டு திரியும். தோற்காமல் இருந்தாலே அன்று கிளப் பிழைத்துக்கொள்ளும். அட்டை அவன் பக்கத்தில் போய் நின்று, "வணக்கம் தம்பி, இன்னைக்கு ஃபுல்லா உங்கூடத்தான்" என்றான். என்ன மொழி என்று அந்தப் பையனுக்குத் தெரியவில்லை. கொஞ்ச நேரத்தில் அர்த்தம் புரிந்துவிட்டது.

அவன் இடது பக்கம் போனால் இவன் இடது பக்கம். தண்ணீர் குடிக்கப் போனால் இவனுக்கும் தாகம். முதல் பாதியில் தங்கக்கால் தொட்ட பந்துகளைக் கைவிரலில் எண்ணிவிடலாம். இரண்டாம் பாதியில் மூச்சு வாங்கியது. முப்பத்து மூன்று வயது நுரையீரல் தன் வயதைச் சொல்ல ஆரம்பித்தது. ஒரே ஒரு தடவை பையன் தோளைச் சாய்த்து ஏமாற்றி, இவன் கால்களுக்கு நடுவே பந்தை விட்டுவிட்டுப் பறந்தான். பந்து கோல் கம்பத்தில் பட்டு வெளியே போனது. அது முழுக்க முழுக்க அதிர்ஷ்டம். அதை இவனே எல்லோரிடமும் சொல்வான். அடுத்த தடவை பையன் அதே மாதிரி சாய்ந்தபோது இவன் ஏமாறவில்லை. சட்டையைப் பிடித்து இழுத்துத் தரையில் உட்காரவைத்தான்.

நடுவர் பாக்கெட்டிலிருந்து மஞ்சள் அட்டையை எடுத்து நீட்டினார். அரங்கம் ஊவென்று கத்தியது. அந்தச் சத்தத்துக்கு மேலே, கிழக்குப் பக்க இருக்கைகளிலிருந்து ஒரு பெண் குரல் தமிழில் எழுந்தது.

"அட்டைக்கே அட்டையா!"

அங்கிருந்த அத்தனை ஆயிரம் பேரில் அந்த ஜோக் புரிந்தவர்கள் மூன்றே பேர். கத்தியவள், அவள் பக்கத்தில் வெட்கத்தில் முகத்தை மூடிக்கொண்ட மகள், அப்புறம் மைதானத்தின் நடுவே மஞ்சள் அட்டை வாங்கிக்கொண்டு பல்லெல்லாம் தெரியச் சிரித்தவன். நடுவருக்குச் சந்தேகம் வந்து, "என்ன சிரிப்பு?" என்றார். "குடும்ப விஷயம், சார்" என்றான்.

ஆட்டம் கோல் இல்லாமல் முடிந்தது. கிளப் பிழைத்தது.

திங்கட்கிழமை தலைவர் கூப்பிட்டு அனுப்பினார். கோப்பைகளை இப்போது தரையில் அடுக்கியிருந்தார். "நடந்தது நடந்து போச்சு. இன்னும் ஒரு வருஷம் இரு. உன் கொக்கியையும் திருப்பிக் கொடுத்துடறோம்" என்றார். கோபமாக இருந்தாரே தவிர, அன்றைக்கு அவர் கண்ணில் ஒரு மரியாதையும் இருந்தது.

"வேணாம், சார். சீசன் முடியற வரைக்கும் ஆடிக்கொடுக்கறேன். அப்புறம் கிளம்பறேன்."

தலைவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. "கிளம்பறியா? போ போன்னு சொன்னப்ப போகல. இருன்னு சொன்னா போறேங்கற?"

"எப்பப் போறதுன்னு நான்தான் முடிவு பண்ணுவேன். அதுக்குத்தான் சார் இவ்வளவு நாள் சிமெண்ட்டுல ஓடினேன்."

"எந்த நாடு?"

"நாடு இல்ல, சார். ஆத்துக்கு அந்தப் பக்கம்."

ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருந்தது இரண்டு படி கீழே ஆடுகிற ஒரு கிளப். பகலில் பஸ் ஓட்டுகிறவர்கள், பெயிண்ட் அடிக்கிறவர்கள், ஒரு கணக்கு வாத்தியார் எல்லாம் சேர்ந்து ஆடுகிற டீம். தலைவர் சத்தமாகச் சிரித்தார். "அது ஒரு கிளப்பா?"

"அங்க எல்லாரும் ஒரே ரூம்ல டிரஸ் மாத்திக்கிறாங்க, சார்" என்று சொல்லிவிட்டு எழுந்தான்.

அத்தான் போனில் தலையில் அடித்துக்கொள்ளும் சத்தம் இந்தப் பக்கம் வரை கேட்டது. அக்கா போனைப் பிடுங்கி, "உங்கத்தான் கெடக்காரு. பொண்டாட்டி புள்ளையோட ஒரே வீட்டுல இருக்கேல்ல, அது போதும்டா" என்றாள். அந்த வருஷம் அவனுடைய மனைவி லேபில் இரண்டு பேருக்கு வேலை சொல்லித்தரும் நிலைக்கு வந்தாள். வீட்டுக்குப் புதிதாக ஒரு புத்தக அலமாரி வாங்கினார்கள். பிரித்துக் கட்ட முடியாத, கனமான, தேக்கு அலமாரி. நாலு பேர் சேர்ந்து மாடி ஏற்றினார்கள்.

ஆற்றுக்கு அந்தப் பக்கத்து டீமில் அவன் இன்னும் ஆடுகிறான். கோச் பகலில் பஸ் டிப்போவில் மேஸ்திரி. எழுபதாவது நிமிஷம் ஆனால் போதும், இவனை வெளியே எடுத்துவிட்டு ஓடுகிற கால் ஒன்றை உள்ளே அனுப்பப் பார்ப்பார். போன ஞாயிற்றுக்கிழமையும் அப்படித்தான். கோட்டோரம் இவன் எண்ணை எழுதிய பலகையைத் தூக்கிப் பிடித்தார்கள். உள்ளே வர வேண்டியவன் காலை உதறிக்கொண்டு தயாராக நின்றான்.

அட்டை அந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

"ஏய்! பலகையப் பாரு! உன் நம்பர்தான்!" என்று கோச் தொண்டை கிழியக் கத்தினார்.

"கேட்கல, அண்ணே!" என்று பதிலுக்குக் கத்திவிட்டு, வெளியே உருண்ட பந்தை எடுத்துக்கொண்டு கோட்டோரம் வந்து, அதைத் தலைக்கு மேலே தூக்கி உள்ளே எறிந்தான். எறிந்த வேகத்திலேயே, எதிர் டீமின் பத்தாம் நம்பர்காரனைத் தேடிக்கொண்டு நடுக்களத்துக்கு ஓடினான்.